பாகப்பிரிவினையும் பின்னக் கணக்கும்: ஒரு வரலாற்றுப் பார்வை

 

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு குடும்பத்தினர் கையில் ஒரு தாளுடன் நம்மிடம் வந்தனர். குடும்பத் தலைவர் மறைந்து நாற்பது நாட்கள் கழிந்திருந்தன. அவருக்கு மனைவியும், வயது முதிர்ந்த தாயாரும், ஒரு மகனும், இரண்டு மகள்களும் இருந்தனர். கடன் ஏதுமில்லை, வஸிய்யத்தும் இல்லை. வீட்டின் மதிப்பு 48 லட்சம் ரூபாய் என்று பெரியவர்கள் முடிவு செய்திருந்தனர். மனைவிக்கு எட்டில் ஒன்று, தாய்க்கு ஆறில் ஒன்று, மீதம் பிள்ளைகளுக்கு என்ற சட்டத்தை அவர்கள் நன்கு அறிந்திருந்தனர். கணக்கையும் தாங்களாகவே போட்டு முடித்திருந்தனர். நாம் ஒருமுறை பார்த்துச் சரியென்று சொன்னால் பத்திரம் எழுதிவிடலாம் என்பதே அவர்களின் எண்ணம்.

தாளைப் பார்த்தோம். 48 லட்சத்தில் எட்டில் ஒன்றாகிய 6 லட்சம் மனைவிக்கு என்று முதலில் எழுதியிருந்தது. மீதம் 42 லட்சம். அந்த 42 லட்சத்தில் ஆறில் ஒன்றாகிய 7 லட்சம் தாய்க்கு என்று அடுத்து எழுதியிருந்தது. எஞ்சிய 35 லட்சம் பிள்ளைகளுக்கு. கூட்டிப் பார்த்தால் 48 லட்சம் சரியாக வருகிறது. ஆதலால் எவருக்கும் ஐயம் எழவில்லை. ஆனால், தாயின் ஆறில் ஒன்று முழுச் சொத்திலிருந்து வரவேண்டியது. மருமகளுக்குக் கொடுத்தது போக எஞ்சியதிலிருந்து அன்று. 48 லட்சத்தில் ஆறில் ஒன்று 8 லட்சம். மகனைப் பறிகொடுத்த அந்த மூதாட்டியிடமிருந்து, எவரும் அறியாமலேயே, ஒரு லட்சம் ரூபாய் பேரப்பிள்ளைகளின் பக்கம் நகர்ந்திருந்தது.

அந்தக் குடும்பத்தில் எவரும் தீய எண்ணம் கொண்டவர் அல்லர். சொன்னவுடன் மனமுவந்து திருத்திக்கொண்டார்கள். பிழை, பள்ளிக்கூடத்தில் ஆறாம் வகுப்பில் கற்று மறந்துபோன ஒரு சிறு கணக்கில் இருந்தது. பகுதி எண்கள் வெவ்வேறாக இருக்கும் பின்னங்களை ஒரு முழுமையிலிருந்து கழிப்பது எப்படி என்பதே அந்தக் கணக்கு. இந்தச் சிறு கணக்குக்குப் பின்னால் ஏறத்தாழ நான்காயிரம் ஆண்டு வரலாறு இருக்கிறது என்பதையும், அவ்வரலாற்றின் நடுப்பகுதியில் பாகப்பிரிவினை எனும் ஃபராயிள் கலை அமர்ந்திருக்கிறது என்பதையும் நம் ஜமாஅத்தினர் அறிந்துகொள்ள வேண்டும் என்ற நோக்கில் இக்கட்டுரையை எழுதுகிறோம்.

உடைந்தவை

பின்னத்தை அரபியில் ‘கஸ்ர்’ என்பர். உடைத்தல் என்பது அதன் பொருள். லத்தீன் மொழியில் பின்னத்தைக் குறிக்கும் சொல்லும் உடைத்தல் என்னும் வினையிலிருந்தே பிறந்தது. நாம் வழங்கும் ‘பின்னம்’ என்ற சொல்லும் உடைந்தது, பிளவுபட்டது என்னும் பொருளுடைய வடசொல்லே. மூன்று வேறுபட்ட மொழியினர் ஒரே பொருளை ஒரே கண்ணால் பார்த்திருக்கின்றனர். முழுமை ஒன்று உடைகிறது. உடைந்த துண்டுகளுக்குக் கணக்கு வேண்டியிருக்கிறது.

எகிப்தியர் இக்கணக்கில் முன்னோடிகள். கி.மு. 1550ஆம் ஆண்டளவில் அஹ்மோஸ் என்னும் எழுத்தர் படியெடுத்த பாப்பிரஸ் சுருள் ஒன்று இன்று லண்டன் அருங்காட்சியகத்தில் உள்ளது. அதில் ஏறத்தாழ எல்லாப் பின்னங்களும் மேலே ஒன்று உடையவையாகவே எழுதப்பட்டுள்ளன. மூன்றில் இரண்டு மட்டுமே தனிக்குறி பெற்ற விதிவிலக்கு. நான்கில் மூன்று என்பதை அவர்கள் அரையும் காலும் என்றே எழுதினர். பாபிலோனியர் வேறு வழி சென்றனர். ஒன்றை 60 கூறாக்கி, ஒவ்வொரு கூற்றையும் மீண்டும் 60 ஆக்கினர். 60 என்ற எண் 2, 3, 4, 5, 6 ஆகிய எல்லாவற்றாலும் மீதமின்றி வகுபடும் என்பது அதன் சிறப்பு. நம் கைக்கடிகாரத்தின் நிமிடமும் விநாடியும் அக்கணக்கின் எச்சமே.

ஆக, உடைந்த துண்டுகள் ஒரே அளவினவாக இருந்தால்தான் கூட்டவும் கழிக்கவும் இயலும் என்பதை மனித குலம் மிகப் பழங்காலத்திலேயே கண்டுகொண்டது. எட்டில் ஒன்றும் ஆறில் ஒன்றும் வெவ்வேறு அளவுடைய துண்டுகள். அவற்றை அப்படியே கூட்ட முடியாது. மேலெண்களைக் கூட்டி 2 என்றும், கீழெண்களைக் கூட்டி 14 என்றும் எழுதும் பிள்ளைகளை நாம் பார்த்திருக்கிறோம். 2/14 என்பது ஏழில் ஒன்று. ஏழில் ஒன்று ஆறில் ஒன்றைவிடச் சிறியது. கூட்டி வந்த விடை, கூட்டப்பட்ட ஒன்றைவிடச் சிறியதாக எப்படி இருக்க முடியும்? இந்த ஒரு கேள்வியே அந்தப் பிழையைக் காட்டிக் கொடுத்துவிடும்.

ஆறு பங்குகளும் ஏழு அடிப்படைகளும்

திருக்குர்ஆனின் நான்காம் அத்தியாயமாகிய அந்நிஸாவின் 11, 12, 176 ஆகிய வசனங்களில் வாரிசுகளுக்குரிய பங்குகள் வரையறுக்கப்பட்டுள்ளன. அவை மொத்தம் ஆறு பின்னங்களே. 1/2, 1/4, 1/8 ஆகியவை ஒரு குடும்பம். 2/3, 1/3, 1/6 ஆகியவை மற்றொரு குடும்பம். முதற்குடும்பத்தில் ஒவ்வொன்றும் முந்தையதில் பாதி. இரண்டாம் குடும்பத்திலும் அவ்வாறே.

பங்கு வரையறுக்கப்பட்டோர் தத்தம் பங்கைப் பெற்றபின் எஞ்சுவது மய்யித்தின் நெருங்கிய ஆண் உறவினரைச் சேரும் என்ற கருத்தில் அமைந்த நபிமொழி புகாரியிலும் முஸ்லிமிலும் பதிவாகியுள்ளது. இவ்வாறு எஞ்சியதைப் பெறுவோரை ‘அஸபா’ என்பர். மகன் அஸபா; மகனுடன் சேர்ந்து மகளும் அஸபா ஆகிறாள். எனவே மகனும் மகளும் பெறுவது எவ்வளவு என்று எங்கும் ஒரு பின்னமாக எழுதப்படவில்லை. அதைக் கழித்துத்தான் அறிய வேண்டும். பெரும்பாலான வழக்குகளில் பிள்ளைகளின் உரிமையே ஒரு கழித்தல் கணக்கின் விடைதான் என்பதை இங்கே ஊன்றிக் கவனிக்க வேண்டும்.

ஃபராயிள் அறிஞர்கள் இக்கணக்கை மிக எளிய ஒழுங்குக்குள் கொண்டுவந்தனர். சொத்து முழுவதையும் எத்தனை கூறுகளாக வைத்துக்கொண்டால் எல்லாப் பங்குகளும் உடையாமல் வருமோ, அந்த எண்ணுக்கு ‘அஸ்லுல் மஸ்அலா’, அதாவது கணக்கின் அடிப்படை எண் என்று பெயரிட்டனர். அதைக் காண, இரண்டு எண்களுக்கிடையே நான்கு வகை உறவுகள் உண்டு என்று வகுத்தனர். இரண்டும் ஒன்றாக இருப்பது ‘தமாஸுல்’. அப்போது அதே எண் போதும். ஒன்று மற்றதனுள் மீதமின்றி அடங்குவது ‘ததாகுல்’. அப்போது பெரிய எண் போதும். 4உம் 8உம் போல. இரண்டுக்கும் பொதுவான வகுஎண் இருப்பது ‘தவாஃபுக்’. அப்போது ஒன்றைப் பொது வகுஎண்ணால் வகுத்து, வந்ததை மற்றதனால் பெருக்க வேண்டும். 8உம் 6உம் அப்படிப்பட்டவை. இரண்டுக்கும் பொது எண் 2. எனவே 8இன் பாதியாகிய 4ஐ 6ஆல் பெருக்க 24. பொதுவான வகுஎண் எதுவுமே இல்லாதிருப்பது ‘தபாயுன்’. அப்போது இரண்டையும் நேரே பெருக்க வேண்டும். 3உம் 4உம் சேர்ந்து 12 ஆவது போல.

இன்று பள்ளிகளில் மீச்சிறு பொது மடங்கு என்று கற்பிக்கப்படுவது இதுவேதான். மதரஸா மாணவன் கற்கும் அரபுப் பெயர்களும், பள்ளி மாணவன் கற்கும் தமிழ்ப் பெயர்களும் ஒரே வாசலைத் திறக்கும் இரண்டு சாவிகள்.

இவ்வாறு கணக்கிட்டால், ஆறு பங்குகளும் எவ்விதமாகச் சேர்ந்தாலும் அடிப்படை எண்கள் ஏழுக்கு மேல் வாரா. அவை 2, 3, 4, 6, 8, 12, 24. முதற்குடும்பத்தின் அரை, இரண்டாம் குடும்பத்தாருடன் சேர்ந்தால் 6. கால் சேர்ந்தால் 12. அரைக்கால் சேர்ந்தால் 24. நம்மிடம் வந்த குடும்பத்தின் கணக்கு இக்கடைசி வகையைச் சேர்ந்தது. முழுச் சொத்து 24 கூறு. மனைவிக்கு 3 கூறு, தாய்க்கு 4 கூறு. 24இல் 7 போக 17 கூறு பிள்ளைகளுக்கு. ஒரு கூறு 2 லட்சம் ரூபாய். மனைவிக்கு 6 லட்சம், தாய்க்கு 8 லட்சம், பிள்ளைகளுக்கு 34 லட்சம். மகனுக்கு 17 லட்சம், மகள்கள் ஒவ்வொருவருக்கும் எட்டரை லட்சம்.

பக்தாதின் கணித மேதை

இக்கணக்குகளை உலகக் கணித வரலாற்றின் மேடையில் ஏற்றியவர் முஹம்மது இப்னு மூஸா அல்குவாரிஸ்மி (ரஹ்). ஏறத்தாழ கி.பி. 780 முதல் 850 வரை வாழ்ந்தவர். இன்றைய உஸ்பெகிஸ்தான் பகுதியிலுள்ள குவாரிஸ்ம் நாட்டின் பெயரைத் தாங்கியவர். 813 முதல் 833 வரை ஆட்சி செய்த கலீஃபா மஃமூனின் காலத்தில், பக்தாதின் பைத்துல் ஹிக்மா அறிவகத்தில் பணியாற்றினார். 820ஆம் ஆண்டளவில் அவர் எழுதிய ‘ஜப்ர், முகாபலா’ கணக்கு நூலின் பெயரிலிருந்தே ‘அல்ஜீப்ரா’ என்னும் சொல் பிறந்தது. அவருடைய பெயரே திரிந்து ‘அல்காரிதம்’ ஆயிற்று. இன்று கணிப்பொறித் துறையினர் அனைவரின் நாவிலும் அச்சொல் தவழ்கிறது.

இவ்வளவும் பலர் அறிந்ததே. ஆனால், அந்நூலின் ஏறத்தாழ பிற்பாதி முழுவதும் வஸிய்யத்துக் கணக்குகளும் பாகப்பிரிவினைக் கணக்குகளுமே என்பதைப் பலர் அறியார். மக்களுக்கு வாரிசுரிமையிலும், வஸிய்யத்திலும், பங்கீட்டிலும், வழக்கிலும், வணிகத்திலும் தேவைப்படும் கணக்கை எளிமையாகத் தருவதே தம் நோக்கம் என்று அவரே முன்னுரையில் தெரிவித்துள்ளார். பன்னிரண்டாம் நூற்றாண்டில் இந்நூலை லத்தீனில் மொழிபெயர்த்தவர்கள் வாரிசுப் பகுதியைத் தங்களுக்குத் தேவையில்லை என்று விட்டுவிட்டனர். ஆகவே மேலைநாட்டார் வெகுகாலம் அதை அறியாதிருந்தனர். ஆக்ஸ்ஃபோர்டு நூலகத்தில் இருந்த கையெழுத்துப் பிரதியைக் கொண்டு ஃப்ரெடரிக் ரோசன் என்பவர் 1831இல் ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்ட பின்னரே அப்பகுதி அவர்கள் கண்ணில் பட்டது.

அந்நூலில் வரும் கணக்கு ஒன்றை நாமும் போட்டுப் பார்ப்போம். ஒரு பெண்மணி மறைகிறார். கணவரும், ஒரு மகனும், மூன்று மகள்களும் வாரிசுகள். வாரிசல்லாத ஒருவருக்குத் தம் சொத்தில் எட்டில் ஒன்றும் ஏழில் ஒன்றும் சேர்த்து வஸிய்யத் செய்திருக்கிறார். ஒவ்வொருவருக்கும் எவ்வளவு?

8க்கும் 7க்கும் இடையே தபாயுன். எனவே 56 கூறு. எட்டில் ஒன்று 7 கூறு, ஏழில் ஒன்று 8 கூறு, ஆக 15 கூறு. வஸிய்யத் மூன்றில் ஒரு பங்கைத் தாண்டக்கூடாது. 56இல் மூன்றில் ஒன்று 18க்கும் மேல். 15 அதற்குள் அடங்கிவிடுகிறது. 56இல் 15 போக வாரிசுகளுக்கு எஞ்சுவது 41 கூறு. அதில் கணவருக்குக் கால் பங்கு. மீதமுள்ள முக்காலை மகனுக்கு இரண்டு, மகள்களுக்கு ஒவ்வொன்று என ஐந்தாகப் பிரிக்க வேண்டும். கால் எடுக்க 4, ஐந்தாக்க 5. ஆக 20 கூறு. கணவருக்கு 5, மகனுக்கு 6, மகள் ஒவ்வொருவருக்கும் 3.

ஆனால் 41 என்பது 20ஆல் வகுபடாது. எனவே 56ஐ 20ஆல் பெருக்கி முழுச் சொத்தையும் 1120 கூறாக வைக்கிறார் அல்குவாரிஸ்மி. வஸிய்யத் பெற்றவருக்கு 300. மீதம் 820. கணவருக்கு 205, மகனுக்கு 246, மகள்களுக்கு 123 வீதம் 369. கூட்டிப் பாருங்கள், ஒரு கூறுகூடக் குறையவில்லை, கூடவுமில்லை. அறிமுகமற்ற ஒருவருக்கும் அநீதி இல்லை. மூன்று பெண்மக்களுக்கும் அநீதி இல்லை. பின்னத்தைக் கழிக்கும் கலை எதற்காக வளர்க்கப்பட்டது என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டியதில்லை.

கழிக்க இயலாதபோது

முழுமையிலிருந்து கழிக்கும்போது சில வேளை முழுமையே போதாமற் போகும். இரண்டாம் கலீஃபா உமர் (ரலி) அவர்களின் காலத்தில் (634–644) இத்தகைய வழக்கு எழுந்தது. இதற்கு அறிஞர்கள் பெரிதும் எடுத்துக்காட்டுவது, ஒரு பெண் கணவரையும் உடன்பிறந்த சகோதரிகள் இருவரையும் விட்டு மறைந்த நிலை. கணவருக்குப் பாதி. சகோதரிகளுக்கு மூன்றில் இரண்டு. அடிப்படை எண் 6 என்றால் கணவருக்கு 3, சகோதரிகளுக்கு 4. ஆறு கூறுள்ள சொத்தில் ஏழு கூறு கேட்கப்படுகிறது!

எவரை முற்படுத்துவது, எவரைப் பிற்படுத்துவது? உமர் (ரலி) அவர்கள் தோழர்களுடன் ஆலோசித்து, அடிப்படை எண்ணையே ஏழாக உயர்த்தினார்கள். கணவருக்கு 3/7, சகோதரிகளுக்கு 4/7. குறைவு எல்லோர் மீதும் அவரவர் பங்கின் அளவுக்கேற்பப் பரவியது. இதற்கு ‘அவ்ல்’ என்று பெயர். இப்னு அப்பாஸ் (ரலி) அவர்கள் பின்னர் மாற்றுக்கருத்துத் தெரிவித்தார்கள் என்றாலும், நான்கு மத்ஹபுகளின் இமாம்களும் அவ்லை ஏற்றனர். ஏழு அடிப்படை எண்களுள் மூன்று மட்டுமே இவ்வாறு உயரும். 6 என்பது 7, 8, 9, 10 வரை உயரும். 12 என்பது 13, 15, 17 ஆகும். 24 என்பது 27 ஆகும்.

இக்கடைசி வகைக்கு ‘மின்பரிய்யா’ என்று பெயர். அலீ (ரலி) அவர்கள் மின்பரில் நின்றுகொண்டிருந்தபோது இக்கேள்வி கேட்கப்பட்டதாகவும், உரையை நிறுத்தாமலேயே மனைவியின் எட்டில் ஒன்று ஒன்பதில் ஒன்றாகிவிட்டது என்று விடையளித்ததாகவும் கூறப்படுகிறது. மனைவி, இரண்டு மகள்கள், தாய், தந்தை ஆகியோர் வாரிசுகள். 3, 16, 4, 4 என்று கூட்டினால் 27. மனைவியின் 3/24 இப்போது 3/27, அதாவது 1/9. தாளும் எழுதுகோலும் இன்றி நொடிப்பொழுதில் பொது அடிப்படை எண்ணைக் கண்டு, கூட்டி, சுருக்கி உரைத்த அறிவை எண்ணும்போது நம் உள்ளம் வியப்பில் ஆழ்கிறது.

பின்னத்தின் நடுவே ஒரு கோடு

பின்னத்தை எழுதும் முறைக்கும் ஒரு பயணம் உண்டு. 628இல் நூல் இயற்றிய பிரம்மகுப்தர் முதலான இந்தியக் கணித அறிஞர்கள் மேலெண்ணின் கீழ் கீழெண்ணை எழுதினர். நடுவே கோடு இல்லை. 850ஆம் ஆண்டளவில் கன்னட நாட்டில், இராஷ்டிரகூட மன்னர் அமோகவர்ஷரின் காலத்தில் வாழ்ந்த சமண அறிஞர் மகாவீரர், பின்னங்களைக் கூட்டவும் கழிக்கவும் மீச்சிறு பொது மடங்கைக் காணும் விதியைத் தெளிவாக வகுத்துத் தந்தார்.

அரபு மொழியில் 1/2 முதல் 1/10 வரையுள்ள பின்னங்களுக்கு மட்டுமே தனித்தனிச் சொற்கள் உண்டு. பதினொன்றில் ஒன்றுக்குச் சொல் இல்லை; பதினொரு கூறுகளில் ஒரு கூறு என்றே சொல்ல வேண்டும். அத்தகைய பின்னங்களை ‘அஸம்’, அதாவது ஊமைப் பின்னங்கள் என்றனர். பத்தாம் நூற்றாண்டில் பக்தாதில் வாழ்ந்த அபுல் வஃபா அல்பூஸ்ஜானி, அரசு எழுத்தர்களுக்காகவும் வணிகர்களுக்காகவும் எழுதிய கணக்கு நூலில் இப்பாகுபாட்டை விரிவாக விளக்கினார். பன்னிரண்டாம் நூற்றாண்டில் வடமேற்கு ஆப்பிரிக்காவின் மக்ரிப் பகுதியைச் சேர்ந்த அல்ஹஸ்ஸார், மேலெண்ணுக்கும் கீழெண்ணுக்கும் நடுவே கிடைக்கோடு ஒன்றை இட்டார். இன்று நம் பிள்ளைகள் இடும் கோடு அதுவே.

இத்தாலியின் பைசா நகரத்து லியோனார்டோ, அதாவது ஃபிபொனாச்சி, இளமையில் தந்தையுடன் இன்றைய அல்ஜீரியாவின் பிஜாயா துறைமுகத்தில் தங்கி இக்கணக்குகளைக் கற்றார். 1202இல் அவர் வெளியிட்ட நூல் இக்கோட்டை ஐரோப்பாவுக்குக் கொண்டு சென்றது. ஒரு சிறு செய்தி சுவையானது. மூன்றரை என்று எழுத நாம் முழுஎண்ணை முதலிலும் பின்னத்தை அதன் வலப்புறத்திலும் எழுதுகிறோம். ஃபிபொனாச்சியோ பின்னத்தை இடப்புறம் எழுதினார். வலமிருந்து இடமாக எழுதும் அரபு நூல்களில் பயின்ற பழக்கம் அவர் கையை விட்டு அகலவில்லை.

முழுஎண்ணும் பின்னமும் சேர்ந்து வருவதே கலப்புப் பின்னம். அதைக் கழிப்பதில்தான் பலர் தடுமாறுகின்றனர். மறைந்தவர் விட்டுச்சென்ற நிலம் 5 1/4 ஏக்கர். அவருடைய கடனைத் தீர்ப்பதற்காக 2 2/3 ஏக்கர் விற்கப்பட்டது என்று கொள்வோம். எஞ்சியது எவ்வளவு? பொது அடிப்படை 12. 1/4 என்பது 3/12. 2/3 என்பது 8/12. மூன்றிலிருந்து எட்டைக் கழிக்க இயலாது. எனவே 5இல் ஒன்றைக் கடன் வாங்கி 12 கூறாக உடைக்க வேண்டும். 5 3/12 என்பது 4 15/12 ஆகிறது. அதிலிருந்து 2 8/12 போக, மீதம் 2 7/12 ஏக்கர். கடன், வஸிய்யத் ஆகியவை நீங்கிய இந்த மீதமே வாரிசுகளின் முழுமை. இதிலிருந்துதான் எட்டில் ஒன்றும் ஆறில் ஒன்றும் எடுக்கப்பட வேண்டும்.

நம் மண்ணின் கணக்கு

தமிழ்நாட்டுக் கணக்கர்கள் பின்னக் கணக்கில் எவருக்கும் இளைத்தவர் அல்லர். அரை, கால், அரைக்கால், வீசம் எனப்படும் 1/16, மா எனப்படும் 1/20, காணி எனப்படும் 1/80, முந்திரி எனப்படும் 1/320 என்று ஒவ்வொன்றுக்கும் பெயரும் குறியும் வைத்திருந்தனர். திண்ணைப் பள்ளிகளில் பிள்ளைகள் இவற்றை மனப்பாடம் செய்தனர். முந்திரியின் முந்திரியாகிய கீழ்முந்திரி 1/102400. இவ்வளவு நுட்பமான அளவையில் ஒரு குறை இருந்தது. 320 என்னும் எண்ணில் இரண்டும் ஐந்தும் உண்டு, மூன்று இல்லை. அரைக்கால் என்பது சரியாக 40 முந்திரி. ஆறில் ஒன்றோ 53 முந்திரியும் மேற்கொண்டு மூன்றில் ஒன்றும் ஆகும். கீழ்முந்திரி வரை இறங்கினாலும் மூன்றில் ஒன்று முடிவுறாது. மனைவியின் பங்கு அக்கணக்கில் எளிதாக அமர்ந்தது. தாயின் பங்கு அமரவில்லை.

பழைய நாணயக் கணக்கு இதற்கு உதவியது. ஒரு ரூபாய்க்கு 16 அணா. ஒரு அணாவுக்கு 12 பை. ஆக 192 பை. இதை 24ஆல் வகுத்தால் மீதமின்றி 8 பை. மனைவிக்கு 2 அணா. தாய்க்கு 2 அணா 8 பை. பிள்ளைகளுக்கு 11 அணா 4 பை. கூட்டினால் 16 அணா. 1957 ஏப்ரல் முதல் நாள் தசம நாணயம் வந்தபின் ரூபாய்க்கு நூறு காசாயிற்று. நூறு, 24ஆல் வகுபடாது.

தசமப் பின்னம் பழிக்கத்தக்கது என்று நாம் கூறவில்லை. 952ஆம் ஆண்டளவில் டமாஸ்கஸில் அல்உக்லீதிஸி அதைக் கையாண்டார். 1427இல் சமர்கந்தில் ஜம்ஷீத் அல்காஷி அதை முழுமையான முறையாக விளக்கினார். அது மாபெரும் கருவி. ஆனால் ஒவ்வொரு கருவிக்கும் ஓர் இடம் உண்டு. 10 சென்ட் மனையில் தாயின் பங்கு 1 2/3 சென்ட். அதைப் பத்திரத்தில் 1.66 என்று எழுதினால் ஏறத்தாழ 3 சதுர அடி மறைகிறது. 1.6 என்று எழுதினால் 29 சதுர அடி மறைகிறது. அதே மனையைச் சதுர அடியில் எடுத்தால் 4356. அதை 24ஆல் வகுக்க 181.5. தாய்க்கு 726 சதுர அடி, மனைவிக்கு 544.5, பிள்ளைகளுக்கு 3085.5. எதுவும் சிந்தவில்லை, சிதறவில்லை.

கவனத்திற்குச் சில செய்திகள்

ஹிஜ்ரி 577இல் மறைந்த இமாம் ரஹபி (ரஹ்) ஷாஃபி மத்ஹபினருக்காக ஃபராயிள் சட்டங்களைச் செய்யுளாக்கித் தந்தார். கி.பி. 1200ஆம் ஆண்டளவில் ஸிராஜுத்தீன் ஸஜாவந்தி (ரஹ்) ஹனஃபி மத்ஹபினருக்கு ‘ஸிராஜிய்யா’வைத் தந்தார். கல்கத்தா உச்ச நீதிமன்ற நீதிபதியாக இருந்த வில்லியம் ஜோன்ஸ் 1792இல் அதை ஆங்கிலத்தில் வெளியிட்டார். நீதிபதிகள் கடல் கடந்து வந்து கற்ற கலையை நாம் நம் வீட்டுக்குள்ளேயே மறந்துவிடலாகாது. ஆகவே சிலவற்றை நினைவூட்டுகிறோம்.

முதலாவது: அடக்கச் செலவு, கடன், வஸிய்யத் ஆகியவற்றை முதலில் நீக்குங்கள். எஞ்சியதே முழுமை. ஒவ்வொருவரின் பங்கும் அந்த முழுமையிலிருந்தே. முந்தையவருக்குக் கொடுத்த மீதத்திலிருந்து அன்று.

இரண்டாவது: ரூபாயிலோ சென்டிலோ தொடங்காதீர்கள். முதலில் கூறுகளில் எழுதுங்கள். தசமத்தைக் கடைசி வரியில் மட்டும் எழுதுங்கள்.

மூன்றாவது: பங்குகளைக் கூட்டி முழுமை வருகிறதா என்று பார்ப்பது அவசியம், ஆனால் அது மட்டும் போதாது. நாம் தொடக்கத்தில் சொன்ன தாளிலும் கூட்டுத்தொகை சரியாகவே இருந்தது. ஒவ்வொரு பங்கையும் தனியே முழுமையுடன் ஒப்பிட்டுப் பாருங்கள்.

நான்காவது: கணக்கு முடிந்தபின் அதைப் பெட்டியில் பூட்டி வைக்காதீர்கள். பங்கு பிரிக்காமல் ஆண்டுகள் கழிந்தால், வாரிசுகளில் ஒருவர் மறைய, அவருடைய பங்கு அவருடைய வாரிசுகளுக்குள் மீண்டும் உடைகிறது. ‘முனாஸகா’ எனப்படும் இக்கணக்கில் 24 என்னும் அடிப்படை எண் நூறுகளாகவும் ஆயிரங்களாகவும் பெருகுகிறது. ஒரு தலைமுறை தாமதித்தால் கணக்கும் கடினமாகிறது, உறவும் கடினமாகிறது. பெரும்பாலும் இதில் இழப்பவர்கள் திருமணமாகிச் சென்ற நம் சகோதரிகளே.

அன்று அந்தத் தாளைத் திருத்தியபின், குடும்பத்தின் மூத்த பேத்தி, பத்தாம் வகுப்பு மாணவி, நம்மிடம் ஒரு கேள்வி கேட்டாள். ‘ஹஸரத், இது எங்கள் ஆறாம் வகுப்புக் கணக்குதானே?’ என்றாள். ஆம் என்றோம். அப்படியானால் இனி இதை நானே பார்த்துக்கொள்வேன் என்று கூறி, தாளை வாங்கி 24 கூறுகளையும் தன் கையால் எழுதி, பாட்டியின் பெயருக்கு எதிரே 4 என்று இட்டாள். பிள்ளைகளின் பங்கு குறையும் திருத்தம் அது. அதை எழுதியவளும் அப்பிள்ளைகளுள் ஒருத்தியே.

பிறர் உரிமையை ஒரு கூறும் குறையாமல் ஒப்படைக்கும் கணக்கறிவையும், அதை நிறைவேற்றும் உள்ளத்தையும் வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் வழங்குவானாக! ஆமீன்.